பெருமாநல்லூர் வடதுருவமும் ஐஸ் டைரக்டரும்

பனியைக் கண்ணால் பார்க்காமலே ஆயுசு முழுக்கப் பனிப்படம் எடுத்தவர் உலகத்திலேயே எங்கள் ஐஸ் டைரக்டர் ஒருவர்தான். அடித்துச் சொல்வேன்!

இரண்டாயிரத்துகளில் அவர் பெருமாநல்லூரில் கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்தார். கல்யாணம் இல்லாத நாட்களில் வடதுருவத்து இனுயிட் மக்களைப் பற்றிப் படம் எடுப்பார். யாராவது "எஸ்கிமோ" என்று வாய் திறந்தால் போச்சு. "அப்படிச் சொல்லப்படாதுங்க, இனுயிட்டுங்க" என்று தாலி கட்டப்போகும் மாப்பிள்ளையையே நிறுத்தித் திருத்தியவர்.

நான் அங்கே ஒரு பனியன் கம்பெனியில் வெளிநாட்டு ஆர்டர்களைக் கவனிக்கும் மெர்ச்சண்டைசர். ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் குடோன்தான் அவருடைய வடதுருவம். வெள்ளை வேஸ்ட் துணியைக் குவித்தால் பனிமலை. பஞ்சைத் தூவி ஃபேனைப் போட்டால் பனிப்புயல். சறுக்குவண்டி இழுக்க நாலு தெருநாய்கள். ரிஜெக்ட் ஆன ஹூடியைத் தலை மூட இழுத்து மாட்டிக்கொண்டு நடிப்பவர்கள் எங்கள் டெய்லர்கள். அத்தனையும் சித்திரை வெயிலில்!

"அண்ணாச்சி, வேர்த்து ஊத்துது. இதுல எங்க போயி நடுங்க?" என்பான் பனிக்கடல் சீல் வேட்டைக்காரனாக நடித்த திருநெல்வேலி செல்வராஜ்.

"தொடைக்காதீங்க கண்ணு! பனி உருகற மாதிரியே இருக்குது!"

இப்பேர்ப்பட்டவர் ஊட்டிக்குக்கூடப் போனதில்லை. சளி பிடித்துக்கொள்ளுமாம்.

ஆனால் உள்ளுக்குள் ஒரு பயம் அவரை அரித்துக்கொண்டே இருந்தது. "ஏனுங்க, அந்தச் சனத்தை நான் கேலி பண்ற மாதிரி ஆயிருமோ? அவுங்க ஊர்க்காரங்க ஒருத்தராச்சும் பார்த்துச் சரீன்னு சொல்லோணுமுங்க. இல்லீனா கேமராவ மூட்டை கட்டிப்போடறேன்" என்பார்.

சாமி கண் திறந்தது. குளிர் உடுப்பு ஆர்டரைப் பார்க்க கனடாவிலிருந்து வந்தவர்களில் ஓர் அம்மா இனுயிட். நான் தகவல் சொன்னதும், மனிதர் சீடியோடு ஓடி வந்தார்.

படம் ஓடியது. வேட்டைக்காரன் முதுகில் விலைச்சீட்டு ஆடியது. சறுக்குவண்டி நாய் பனிப்புயலில் சுகமாகக் குறட்டை விட்டது. அந்த அம்மா கண்ணில் நீர் வரச் சிரித்தார். டைரக்டர் முகம் செத்துப்போயிற்று.

அப்போது திரையில் மதியச் சாப்பாடு வந்தது. ஹூடி போட்ட பத்துப்பேர் ஒரே கறிச்சோற்றுப் போசியைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். செல்வராஜ் நல்ல கறித்துண்டாகப் பொறுக்கி, கூட்டத்திலேயே மூத்தவரான துப்புரவுப் பாட்டியின் தட்டில் முதலில் வைத்தான்.

அந்த அம்மா சிரிப்பை நிறுத்தினார். திரும்பப் போடச் சொன்னார். பிறகு அவர் சொன்னதை நான் தமிழில் சொன்னேன்: "பனி தப்பு. நாய் ரொம்பத் தப்பு. ஆனால் இது எங்கள் வீடு. வேட்டைக் கறியைப் பெரியவங்களுக்குத்தான் முதலில் கொடுப்போம்."

டைரக்டர் கையெடுத்துக் கும்பிட்டார். "அது நான் எடுத்ததில்லீங்க. கேமராவ ஆஃப் பண்ண மறந்துட்டனுங்க!"

ஊருக்கு வாருங்கள் என்று அந்த அம்மா அழைத்தார். "ஐயோ, சளி புடிச்சுக்குமுங்க!"

கேமரா மூட்டைக்குப் போகவில்லை. ஆனால் அதன்பின் கல்யாணங்களில் அவர் பந்தியைவிட்டு நகரவே மாட்டார். என் கல்யாண வீடியோவில் தாலி கட்டுவது இரண்டே நொடி, பந்தி முக்கால் மணி நேரம். அன்றைக்கு அவரைத் திட்டித் தீர்த்தேன். இப்போது அப்பா இல்லை. அந்தப் பந்தியில் இலை இலையாகக் குனிந்து, "இன்னும் கொஞ்சம் போட்டுக்குங்க" என்று எல்லோரையும் கெஞ்சிக்கொண்டே இருக்கிறார். மகராசன் ஐஸ் டைரக்டர், ஆஃப் பண்ணவே இல்லை.