விஜயராணி நன்றி சொன்ன படம்

உலகம் இதுவரை கண்டுபிடித்தவற்றுள் மிகக் கண்ணியமானது மௌனச் செய்திப்படம்தான். நூறு வருஷத்துக்கு முன்பே அது ராஜா ஊர்வலத்தையும் யுத்தத்தையும் வெள்ளத்தையும் தெருவில் மீன் விற்றவளையும் படம் பிடித்தது. யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. நடந்தது என்ன என்று நடுவில் ஓர் அட்டை வந்து சொல்லும். ஜனங்கள் நம்பிவிட்டு வீட்டுக்குப் போவார்கள்.

இந்த மேன்மையை ஒரு பயிற்சி முகாமில் கண்டு உருகிப்போனார் பஞ்சாயத்து ஆபீஸ் அதிகாரி கலைவேந்தன். அவருடைய ஊர் வில்லியனூர்ப் பக்கம். ஊர்ப் பெயரைச் சொன்னால் வருத்தப்படுவார். திரும்பி வந்ததும் 'மக்கள் வாழ்வு: மௌன ஆவணம்' என்று திட்டம் போட்டு, கூட்டம் போட்டு, டீயும் போடச் சொன்னார்.

"செல்போன்லயே சத்தத்தோட எடுக்கலாமே சார்?" என்று குமாஸ்தா வீரமணி வாயைக் கொடுத்தார்.

"சத்தம் வந்தா அது புகார்யா. வரலன்னா பாரம்பரியம்."

'நடிக்க' விஜயராணியைக் கூப்பிட்டார்கள். அவள் தெருக் குழாயில் மூன்று மாதமாகத் தண்ணீர் இல்லை. நாலு மனு கொடுத்திருந்தாள். கடைசியில் நம்மையும் கண்ணெடுத்துப் பார்த்தார்களே என்று, பாவம், கம்பெனிக்கு லீவு போட்டுவிட்டுக் குடத்தோடு வந்து குழாயடியில் நின்றாள்.

"இன்னா சார் பேசணும்?"

"எது வேணா பேசும்மா. சத்தம் வராது. கேமராவ மட்டும் பாரு."

அவளுக்கு அது போதாதா! "மூணு மாசமா லாரி பின்னாடி ஓடுறோம். புள்ள குளிக்காம ஸ்கூலுக்குப் போவுது. நீங்கல்லாம் நல்லா இருப்பீங்களா?" என்று கையெடுத்துக் கும்பிட்டுக் கும்பிட்டுத் திட்டினாள். கும்பிட்டது மட்டும் படத்தில் பிரமாதமாக விழுந்தது.

ஞாயிற்றுக்கிழமை கல்யாண மண்டபத்தில் திரையிட்டார்கள். கறுப்பு வெள்ளையில் விஜயராணி வாயசைத்தாள். அடுத்து அட்டை வந்தது: 'குழாய்நீர் கிடைத்த மகிழ்ச்சியில் நன்றி கூறும் இல்லத்தரசி.' மண்டபம் கைதட்டியது. பின்வரிசையில் இருந்த அவள் எழுந்து வெளியே போனாள்.

மறுநாள் ஆபீஸ் திறந்ததும் வெறுங்குடத்தோடு போய் நின்றாள்.

"உன் மனுவ முடிச்சாச்சும்மா," என்றார் கலைவேந்தன். "நீயே நன்றி சொல்லிட்ட. ஆதாரம் இருக்கு."

"நான் திட்னேன் சார்."

"மௌனப் படம்மா. அட்டையில என்ன எழுதியிருக்கோ, அதான் நீ பேசுனது."

விஜயராணி குடத்தைத் தூக்கி மேசைமேல் வைத்தாள். "அப்ப இதுலயும் தண்ணின்னு எழுதிக் குடு சார். எட்துனு போறேன்."

கலைவேந்தன் கடமை தவறாதவர். பேனாவைத் திறந்தார்.