முன்னாள் குழந்தை மிரிங்

முன்னாள் மந்திரி, முன்னாள் மேயர், முன்னாள் அழகுராணி என்று எத்தனையோ முன்னாள்களை நீங்கள் பார்த்திருப்பீர்கள். அவர்களையெல்லாம் மன்னித்துவிடலாம். மன்னிக்கவே முடியாத ஓர் இனம் உண்டு. அதன் பெயர் முன்னாள் குழந்தை. எல்லோருமே ஒரு காலத்தில் குழந்தைகள்தானே என்று கேட்காதீர்கள். நீங்களும் நானும் குழந்தையாக இருந்ததை ஓர் உத்தியோகமாகப் பார்த்ததில்லை. வயது வந்ததும் ஓசைப்படாமல் அதிலிருந்து விலகிக்கொண்டோம். முன்னாள் குழந்தைக்கு ஏழு வயதில் ஊரே எழுந்து நின்று கை தட்டியிருக்கும். அதற்கப்புறம் ஊர் உட்கார்ந்து, வீட்டுக்குப் போய், சாப்பிட்டு, பிள்ளை பெற்று, அந்தப் பிள்ளைக்குக் கல்யாணமும் செய்து வைத்திருக்கும். அவள் மட்டும் இன்னும் குனிந்து வணக்கம் சொல்லிக்கொண்டிருப்பாள்.

கேஸோன் சிட்டியின் படப்பிடிப்புக் கூடாரங்களில் இந்த இனத்துக்குப் பஞ்சமே இல்லை. அவற்றுள் தலைசிறந்தது எதெல்மீரா புன்சாலான் என்கிற மிரிங்.

மிரிங் அழுதாள். அதுதான் அவள் வாழ்க்கை வரலாறு. தோண்டோவில் ஜீப்னி என்கிற சின்னப் பேருந்தை ஓட்டியவரின் மூத்த மகள், ஏழு வயதில் ‘துறைமுகத்து நோனாய்’ என்ற படத்தில், கிழிந்த கவுனோடு மழையில் நின்றுகொண்டு வானத்தைப் பார்த்து, “சாமி, அம்மாவைத் திருப்பிக் குடு, ரொட்டிய நீயே வச்சுக்கோ!” என்று கதறினாள். இடது கண்ணில் ஒரே ஒரு சொட்டு முதலில் வந்தது, கன்னத்தின் பாதியில் அது நின்று யோசித்தது, பிறகு விழுந்தது. வடகோடித் தீவான லூஸோனிலிருந்து தென்கோடித் தீவான மின்டனாவோ வரை அந்த வருஷம் கைக்குட்டை காயவில்லை. மிரிங்கின் முகம் சோப்பு உறையில் வந்தது, பால் பவுடர் டப்பாவில் வந்தது, சவரக் கடை நாள்காட்டியில் வந்தது. புலகானில் ஒரே மாதத்தில் பன்னிரண்டு பெண் குழந்தைகளுக்கு நோனாய் என்று ஞானஸ்நானம் நடந்தது.

அடுத்த ஐந்து வருஷத்தில் அதே கண்ணீரை ஒன்பது படங்களில் விற்றார்கள். பன்னிரண்டாம் வயதில் அவள் தவறு ஒன்று செய்தாள். வளர்ந்தாள். பல் பெரிதாயிற்று, தோள் அகன்றது, குரல் கரகரத்தது. பதினான்காம் வயதில் தயாரிப்பாளர் அவளை மேலும் கீழும் பார்த்துவிட்டு அவள் அம்மாவிடம் கேட்டார்: “இதுக்குத் தங்கச்சி யாராச்சும் இருக்கா?”

இருந்தாள். பெயர் ஒப்டூலியா, வீட்டில் டூலி. உடனே மழையில் நிறுத்தி அழச் சொன்னார்கள். டூலிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எத்தனை முறை நிறுத்தினாலும் சிரிப்புத்தான் வந்தது. சிரிக்கிற குழந்தையை வைத்துக்கொண்டு என்ன செய்வது? அக்காவுக்குக் குடை பிடிக்கச் சொன்னார்கள். பிடித்தவள் பிடித்தவள்தான்.

அதன்பின் மிரிங்கின் தொழில் ஏணியில் ஏறியது என்று சொல்ல ஆசைதான். ஏணி இருந்தது, திசைதான் வேறு. கதாநாயகியின் தோழியாக வந்து, “அவன் வந்துட்டான்டி!” என்று மூச்சு வாங்கினாள். பிறகு வீட்டு வேலைக்காரியாகத் தட்டோடு நுழைந்து, எசமானர்களின் சண்டையைக் கேட்டுத் தட்டைக் கீழே போட்டாள். முப்பது வயதில் வில்லிக்குப் பின்னால் நின்று தலையாட்டினாள். நாற்பதில் அத்தையானாள். வயதான பெண்மணி யாராக இருந்தாலும் அங்கே ‘தீத்தா’ என்றுதான் கூப்பிடுவார்கள், அத்தை என்று அர்த்தம். முதல் தடவை ஓர் ஒளிப்பதிவாளன் அவளை அப்படிக் கூப்பிட்டபோது, மிரிங் தனக்குப் பின்னால் யார் வந்திருக்கிறார்கள் என்று திரும்பிப் பார்த்தாள்.

தளத்துக்கு அவள் வருகிற அழகைக் கேளுங்கள். முன்னால் டூலி, கையில் குடை, ஃப்ளாஸ்க், மடக்கு நாற்காலி. பின்னால் மிரிங், கறுப்புக் கண்ணாடியோடு, யாரும் எடுக்காத போட்டோவுக்குக் கன்னத்தைத் திருப்பியபடி. வந்ததும் முதல் கேள்வி வசனத்தைப் பற்றியது அல்ல. பெயர் போடுகிற வரிசையைப் பற்றியது. எல்லாப் பெயரும் முடிந்த பிறகு ஒரு விநாடி இடைவெளி விட்டு, ‘மற்றும் மிரிங் புன்சாலான்’ என்று தனியாக வரவேண்டும். அந்த ‘மற்றும்’ இல்லாவிட்டால் அவளுக்குத் தலைவலி வரும். இரண்டாவது, கிளிசரின் குப்பியைக் கண்டால் மூக்கைச் சுளிக்க வேண்டும். “கிளிசரினா? எனக்கா?” மூன்றாவது, பன்சிட் நூடுல்ஸ் சாப்பிட உட்கார்ந்த புது நடிகைகளிடம் துறைமுகத்து மழையைப் பற்றிச் சொல்ல வேண்டும். நூடுல்ஸ் ஆறும். மழை நிற்காது.

டாக்ஸியில் ஏறினாலும் இதே கதைதான். கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் காத்திருப்பாள். டிரைவர் பேசாவிட்டால் அவளே ஆரம்பிப்பாள்.

“என்னை எங்கேயோ பார்த்த மாதிரி இல்லையாப்பா உனக்கு?”

“ஆமாங்க தீத்தா, நானும் அப்பத்துலருந்து யோசிக்கிறேன். குபாவோ மருந்துக் கடையில கல்லாவுல இருப்பீங்களே, நீங்கதானே?”

டூலி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு தோள் குலுங்கச் சிரிப்பாள்.

ஐம்பத்திரண்டாம் வயதில் மிரிங்குக்கு ‘கடலோர மாளிகையின் வாரிசு’ என்ற தொலைக்காட்சித் தொடரில் இடம் கிடைத்தது. பணக்கார வீட்டுச் சிறுமி ஒருத்தி. அவள் பிறப்பின் ரகசியம் தெரிந்த ஒரே ஆள் அத்தை. அத்தைதான் மிரிங். சிறுமியாக நடித்தவள் ஷெக்கினா, எட்டு வயது. குடைமிளகாய் மாதிரி பளபளப்பான குழந்தை. நாட்டின் சோப்பு, பால் பவுடர், ஷாம்பு எல்லாவற்றிலும் இப்போது அவள்தான். ஆனால் அவளுக்கு ஒரு குறை. அழுகை வராது.

சவப்பெட்டிக் காட்சி. சிறுமியின் அம்மா பெட்டியில் கிடக்கிறாள். சிறுமி கதற வேண்டும். அத்தை இரண்டாம் வரிசையில் சும்மா நிற்க வேண்டும். நன்றாகக் கவனியுங்கள், சும்மா. கேமரா ஓடியது. ஷெக்கினா உதட்டைப் பிதுக்கிக் கண்ணைச் சிமிட்டிப் பார்த்தாள்; ஒன்றும் நடக்கவில்லை. இரண்டாம் வரிசையில் இடது கண்ணிலிருந்து முதல் சொட்டு இறங்கியது.

“கட்! தீத்தா, கொஞ்சம் குறைச்சுக்குங்க” என்றார் டைரக்டர் வில்லமோர்.

“கண்ணுல குழாயா வச்சிருக்கேன் டைரக்டர், திருகி மூடுறதுக்கு?”

இரண்டாம் முறை இரண்டு கண்ணிலும் வந்தது. மூன்றாம் முறை மிரிங் வரிசையை விட்டு வெளியே வந்து, சிறுமியைத் தாண்டி, சவப்பெட்டி மேல் விழுந்து புரண்டாள். மலர்வளையம் சாய்ந்தது, மெழுகுவர்த்தி உருண்டது, பெட்டிக்குள் கிடந்த நடிகை பயந்துபோய் எழுந்து உட்கார்ந்துவிட்டாள். ஷெக்கினா கை தட்டிச் சிரித்தாள். தளம் முழுக்கச் சிரித்தது. ஷெக்கினாவின் தாய் ரோவேனா மட்டும் சிரிக்கவில்லை. அவள் நேராகச் சேனல் அலுவலகத்துக்குப் போனாள்.

திங்கள்கிழமை புதுக் காட்சித்தாள்கள் வந்தன. டூலி வாங்கிப் படித்துவிட்டு மடித்து வைத்தாள்.

“அக்கா, இந்த வாரம் உனக்கு வசனம் மனப்பாடம் பண்ற வேலை இல்ல.”

“ஏன், எல்லாம் அழுகையா?”

“அழுகையும் இல்ல. மூச்சு மட்டுந்தான். அத்தை படியில வழுக்கி விழுந்து கோமாவுக்குப் போயிடுறா.”

மிரிங் தாளைப் பிடுங்கித் தானே படித்துப் பார்த்தாள். தொடர்களில் கோமா என்பது என்ன என்று அவளுக்குத் தெரியும். சேனலுக்கு மனசிருந்தால் கண் விழிக்கலாம்; இல்லாவிட்டால் அங்கேயே படுக்க வைத்து ஒரு நாள் முடித்துவிடுவார்கள். இதில் முடிந்துவிட்டால் அவளை யார் கூப்பிடப்போகிறார்கள்?

படுத்தாள். மூக்கில் குழாய், நெற்றியில் கட்டு. கண்ணை மூடிக்கொண்டு கிடந்தபோதுதான் முதல் முறையாக ஒரு தளம் எப்படி ஒலிக்கும் என்று அவள் கேட்டாள். தான் இல்லாமலேயே எல்லாம் நன்றாக நடந்தது. ஒப்பனைக்காரி அவள் வயிற்றின் மேல் பவுடர் பெட்டியை வைத்தாள். உதவி இயக்குநர் அவள் காலடியில் உட்கார்ந்து யாருக்குக் கோழி அடோபோ, யாருக்கு மீன் என்று கணக்கெடுத்தான். “தீத்தாவுக்கு?” என்று யாரோ கேட்க, “கோமாவுல இருக்கறவங்களுக்கு எதுக்குடா?” என்று வேறு யாரோ சொன்னார்கள். அப்போது கேமரா ஓடியது. ஷெக்கினா கட்டிலருகில் வந்து, “அத்தை, எந்திரிங்க அத்தை” என்று எழுதிக்கொடுத்ததை ஒப்பித்தாள்.

மிரிங்குக்கு அழுகை வந்தது. நிஜமான அழுகை. நாற்பத்தைந்து வருஷத்தில் யாரும் சொல்லாமல், எதற்கும் பயன்படாமல், தானாக வந்த முதல் கண்ணீர். இங்கேதான் நாம் அவளுக்காக இரக்கப்பட்டிருக்க வேண்டும். பட்டிருப்போம், அந்தச் சொட்டு கண்ணோரத்துக்கு வந்ததை உணர்ந்த மறுகணமே அவள் முகத்தை ஓர் அங்குலம் கேமரா பக்கம் திருப்பாமல் இருந்திருந்தால்.

தளத்தில் யாரும் கவனிக்கவில்லை. ஒளிபரப்பான மறுநாள் நாடே கவனித்தது. கோமாவில் இருக்கும் அத்தை கேமரா பக்கம் திரும்பி அழுகிற அந்தப் பதினோரு விநாடியை நாற்பது லட்சம் பேர் கைபேசியில் பார்த்தார்கள். டாக்டர்கள் கேலி செய்தார்கள். பள்ளிக்கூடப் பிள்ளைகள் மேசை மேல் படுத்து நடித்துக் காட்டினார்கள். மிரிங் காலையிலிருந்து எண்ணிக்கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அக்கா, சிரிக்கிறாங்கக்கா” என்றாள் டூலி.

“பார்க்கிறாங்களா இல்லையா?”

“பார்த்துச் சிரிக்கிறாங்க.”

“பார்க்கிறாங்கள்ல.”

சேனலில் கூப்பிட்டு இரண்டு வழி சொன்னார்கள். முதலாவது: அத்தை விழிக்கிறாள், ரகசியத்தைச் சொல்கிறாள், ஆறு பக்க வசனம், தனிக் காட்சி. இரண்டாவது: அத்தை விழிக்கவே மாட்டாள், வெள்ளிக்கிழமைதோறும் ஒரு சொட்டு, விளம்பரப் பலகையிலும் அந்தக் கண்தான். யோசித்துச் சொல்லும்படி வெளியே அனுப்பினார்கள்.

“ஆறு பக்கம்க்கா!” டூலி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். “வளர்ந்ததுக்கப்புறம் ஒருத்தன் உனக்கு அரைப் பக்கம் குடுத்திருக்கானா? நீ நல்லா பேசுவக்கா. வீட்டுல நீ பேசுறத நான் கேட்டிருக்கேன். எந்திரிச்சுப் பேசு.”

“எந்திரிச்சா பேரு எங்க வரும்?”

“எங்கயோ வருது! மூணாவதோ நாலாவதோ.”

“படுத்தா?”

 மிரிங் கதவைத் திறந்து மறுபடி உள்ளே போனாள். வெளியே வந்தபோது அவள் முகம் ஜொலித்தது. “ஷெக்கினாவுக்கு முன்னாடி என் பேரு, டூலி! ‘மற்றும்’ கூட வேண்டாம்னுட்டேன்!”

டூலி குடையை மடித்து, ஃப்ளாஸ்க்கோடு நாற்காலியின் மேல் வைத்தாள்.

“என்னடி பண்ற?”

“முப்பத்தெட்டு வருஷமா நீ எந்திரிப்பேன்னுதான்க்கா பக்கத்துல நின்னேன். படுத்துக் கிடக்கிறவளுக்குக் குடை எதுக்கு?” என்று சொல்லிவிட்டு, முதல் ஜீப்னியில் ஏறி ஒரு கோழிக்கஞ்சிக் கடையில் வேலைக்குச் சேர்ந்துவிட்டாள். வாடிக்கையாளர்களோடு சிரித்துப் பேசுகிறாளாம். நல்ல கூட்டமாம்.

மிரிங் இருபத்திரண்டு வெள்ளிக்கிழமை படுத்தாள். இருபத்திரண்டு சொட்டு விட்டாள். நான்காவது வாரத்திலிருந்து கண்ணீர் வராமல் போனது. ஆளில்லாத நேரம் பார்த்து, ஒப்பனைப் பெட்டியிலிருந்து கிளிசரினை அவளே எடுத்துப் போட்டுக்கொண்டாள். கடைசி அத்தியாயத்தில் ரகசியம் ஒரு பழைய கடிதத்தின் மூலம் தெரிந்துவிட்டது, மாளிகையில் யாருக்கோ கல்யாணம் நடந்தது, எல்லோரும் கடற்கரையில் ஆடினார்கள். அத்தை என்ன ஆனாள் என்று எழுத எழுத்தாளர்கள் மறந்துபோனார்கள். ஒரு நேயர்கூடக் கடிதம் போட்டுக் கேட்கவில்லை.

ஆனால் ரசிகர் சந்திப்பு நடந்தது. பாசிக்கில் ஒரு பேரங்காடியில், மூன்றாம் மாடியில். மிரிங் சமிக்கி வைத்த நீல கவுனில் வந்து, ஒலிபெருக்கியைப் பிடித்துத் துறைமுகத்து மழையைத் தொடங்கினாள்.

“தீத்தா, படுங்க!” என்று யாரோ கத்தினார்கள்.

“படுங்க தீத்தா! கண்ண மூடுங்க!” என்று கூட்டமே சேர்ந்துகொண்டது. செருப்புக் கடையிலிருந்து ஒரு பெஞ்சைத் தூக்கி வந்தார்கள். மிரிங் ஒரு நிமிஷம் அதைப் பார்த்தாள். பிறகு கவுனைச் சரிசெய்துகொண்டு, இடது கன்னம் தெரிகிற பக்கமாகப் படுத்தாள். வரிசை நின்றது. ஒவ்வொருவராக அருகில் குனிந்து, நாக்கை நீட்டி, விரலைக் காட்டி, போட்டோ எடுத்துக்கொண்டு போனார்கள். ஒரு கல்லூரிப் பெண் முறை வந்தபோது மிரிங் ஒற்றைக் கண்ணைத் திறந்தாள்.

“படத்துக்குக் கீழ என் பேர முழுசா போடும்மா.”

“சரிங்க தீத்தா,” என்றாள் அந்தப் பெண் கைபேசியைத் தயாராக வைத்துக்கொண்டு. “பேரு என்ன?”

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். நீங்கள் சோப்பு உறையிலா வந்தீர்கள்? எட்டாம் வகுப்பில் மாவட்ட அளவில் நடந்த பேச்சுப் போட்டியில் ஒரு எவர்சில்வர் டம்ளர் வாங்கினீர்கள், அவ்வளவுதான். நடுவர் எழுந்து வந்து கை குலுக்கினாராம். போன முகூர்த்தத்தில் பந்தியில் பக்கத்து இலைக்காரரிடம் ரசம் சாதத்திலிருந்து பாயசம் வரை அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தீர்கள். பாவம், மனிதர் மோர் சாதத்துக்குக்கூடக் காத்திராமல் எழுந்தார். கை கழுவப் போனார் என்றா இன்னமும் நினைத்துக்கொண்டிருக்கிறீர்கள்?