மாமன் தட்டில் வந்த மட்டை

சான்ட்ரிங்ஹாம், ஆக்லாந்து
வைகாசி 2015

பேரன்புக்குரிய மைத்துனர் ஜெயரட்ணம் அவர்களுக்கு,

இங்கே நானும் தங்கள் அக்கா ரதிதேவியும் ஆக்லாந்து மழையும் சுகமாக இருக்கிறோம். மெல்பேர்னில் தாங்களும் குடும்பத்தாரும் அவ்வாறே இருக்க நல்லூரான் துணை நிற்பான். என் மகளும் தங்கள் மருமகளுமாகிய பிரணவியும் சுகம்தான், இடது கண்ணைத் தவிர. அந்தக் கண்ணின் நிமித்தமே இக்கடிதம்.

பிரணவி பெரியபிள்ளையாகிச் செய்த சாமத்தியவீட்டை நினைத்துப் பாருங்கள். உலகத்திலுள்ள தாய்மாமன்மார் தட்டில் சேலையும் சங்கிலியும் வைப்பார்கள். தாங்கள் பலகாரத்துக்கும் பூவுக்கும் நடுவே ஒரு ஹொக்கி மட்டையை வைத்துச் சபை நடுவே கொண்டுவந்தீர்கள். படம் பிடிக்கிறவர் அதை எப்படிப் பிடிப்பது என்று தெரியாமல் நின்றார். பிள்ளை ஆசைப்பட்டுக் கேட்டது, மாமன் கொடுத்தேன் என்றீர்கள். அவள் சேலைக் கோலத்திலேயே மண்டப வாசலில் பந்து தட்டத் தொடங்கினாள், இன்னும் நிறுத்தவில்லை. பள்ளிக்கூட அணி, ஆக்லாந்து அணி, பிறகு நாட்டு அணியின் கறுப்புச் சட்டை. இந்தியா போனாள், ஆர்ஜென்டினா போனாள், ஒல்லாந்து போனாள். பார்மசிப் படிப்பு மட்டும் மூன்றாம் வருஷத்தை விட்டு அசையவில்லை. ஒவ்வொரு முறையும் காலெல்லாம் கண்டலோடு வந்து இறங்குவாள். தாய்க்காரி எண்ணெய் பூசிக்கொண்டே யார் கோல் போட்டது என்று கேட்பாள். தங்கள் அக்காவும் அந்தக் கூட்டம்தான்.

நான் இந்த விளையாட்டைத் திரும்பியும் பார்ப்பதில்லை. சனிக்கிழமைகளில் மைதானத்துக்குப் போவது அவளை ஏற்றியிறக்கத்தான். சும்மா நிற்கிறபோது கண்ணில் படுவதை என்ன செய்வது? அந்தப் பயிற்சியாளன் அவளை இடது பக்கக் காவலில் போட்டு வைத்திருக்கிறான், பெனால்ட்டி கோர்னர் அடிக்க அவளை விட்டால் அணியில் ஆளில்லை என்பது வேலியோடு நிற்கிற எனக்கே தெரிகிறது, அவனுக்குத் தெரியவில்லை. இதை நான் கொஞ்சம் சத்தமாகத் தமிழில் சொன்னதற்கு நடுவர் வந்து வேலியை விட்டுத் தள்ளி நிற்கும்படி கேட்டுக்கொண்டார். அது வேறு விஷயம்.

போன கிழமை ஒனிஹங்காவிலிருந்து சரோஜாதேவி என்ற மலேசியத் தமிழ் அம்மா, எஞ்சினியர் மகனையும் கூட்டிக்கொண்டு பெண் பார்க்க வந்தார். சாதகம் அருமையாகப் பொருந்தியிருந்தது. ஹொக்கியைப் பற்றி நான் மூச்சு விடவில்லை. பார்மசி, வீணை, அமைதியான பிள்ளை என்று சொல்லி வைத்திருந்தேன். வீணை வீட்டில் இருக்கிறது, அந்த அளவுக்கு உண்மை. அவர்கள் வடையில் கை வைக்கிற நேரம் பிரணவி பயிற்சியிலிருந்து வந்து சேர்ந்தாள். கண் கத்தரிக்காய் நிறத்தில் வீங்கி, புருவத்தில் தையலோடு, ஃப்ரீசர் பட்டாணிப் பை ஒன்றை அதன்மேல் அமத்திப் பிடித்தபடி. மற்றக் கையால் மரியாதையாகத் தேத்தண்ணியும் கொடுத்தாள். சரோஜாதேவி அந்தக் கண்ணைப் பார்த்தார், பிறகு என் கையைப் பார்த்தார். எழும்பி நேரே வடை பொரிந்துகொண்டிருந்த குசினிக்குப் போய் ரதிதேவியிடம், "அக்கா, சார் கை நீட்டுவாரா?" என்று கேட்டது ஹோல் வரைக்கும் கேட்டது.

மச்சான், நீரே சொல்லும், நான் என்ன செய்ய? ஹொக்கி என்று சொன்னால் சம்பந்தம் போகும், பேசாமல் இருந்தால் மானம் போகும். யோசித்துப் பார்த்து மானத்தை விட்டேன். தலையைக் குனிந்துகொண்டு வடையைப் பார்த்தபடி இருந்தேன். மனிசி திரும்பி வந்து, என்னை மன்னிக்கிற பார்வை ஒன்று பார்த்து, கல்யாணம் முடிந்தால் பெண் தம் வீட்டில் பத்திரமாக இருக்கும் என்றார். காரியம் முடிந்த மாதிரித்தான். அப்போது பார்த்து உம்முடைய மருமகள் பையைக் கண்ணிலிருந்து எடுத்து, ஆங்கிலத்தில் ஆற அமர விளக்கினாள். அப்பா ஒருநாளும் கை நீட்டியதில்லையாம், இது பந்து பட்டதாம், தான் நாட்டுக்கு ஹொக்கி விளையாடுகிறாளாம், அடுத்த மாதம் ஐரோப்பா போகிறாளாம். சரோஜாதேவி தேத்தண்ணியைக் கீழே வைத்தார். அடிக்கிற தகப்பனைப் பொறுத்துக்கொண்ட மனிசிக்கு ஓடுகிற பெண்ணைப் பொறுக்க முடியவில்லை. மறுநாள் சாதகத்தில் புதிதாக ஒரு செவ்வாய் தோஷம் கண்டுபிடித்திருந்தார்கள்.

ஆனபடியால் நீர் தொடக்கினதை நீரே முடித்து வையும். நான் சொன்னால் இந்தக் காதால் கேட்டு அந்தக் காதால் விடுவாள், மாமன் சொன்னால் நிற்பாள். ஐரோப்பா வேண்டாம், மட்டையை வை, படிப்பை முடி என்று நாலு வார்த்தை கண்டிப்பாகச் சொல்லும். தங்கள் இல்லத்தில் எல்லா மங்களமும் பெருகட்டும், தங்கள் பிள்ளைகளாவது உட்கார்ந்து செய்கிற எதையாவது விரும்பட்டும்.

இப்படிக்கு,
தங்கள் அக்காவின் கணவர்,
சோதிலிங்கம்

பி.கு.: ஒட்டின உறையைக் கிழிச்சு எழுதுறன். தபால் வரக் காலம் செல்லும், ஆனபடியால் இதைப் படமெடுத்து போனில அனுப்புவன். பிரணவி தான் ஐரோப்பாவுக்குப் போகேல்லை, இனி விளையாடவும் மாட்டன் எண்டு பயிற்சியாளருக்குச் சொல்லிப்போட்டாள். நான் கேட்டதுதானே, கிடைச்சிட்டுது. ஏனெண்டு கேட்டன். எதுக்கும் இங்கிலீசில பதில் சொல்லுறவள் தமிழில சொன்னாள்: "அடிக்கிற அப்பா எண்டு பெயர் வந்தாலும் பரவாயில்லை, ஹொக்கி எண்டு சொல்ல மாட்டீங்கள். அவ்வளவு வெட்கமெண்டால் எனக்கு வேண்டாம் அப்பா."

மச்சான், மேலே எழுதினது ஒண்டையும் வாசிக்காதை. எனக்கு வெட்கமாம். ஈஸ்ட் டாமாக்கியில என்ர வேலைத்தலத்தில போர்க்லிஃப்ட் ஓடுறவனைக் கேட்டுப் பார், என்ர மகள் ஆர், எத்தினை கோல் போட்டவள் எண்டு அவன் சொல்லுவான். என்னைக் கண்டாலே அவங்கள் விலத்திப் போறாங்கள், அவ்வளவு சொல்லியிருக்கிறன். அவளுக்குத்தான் ஒருநாளும் சொல்லேல்லை. பயிற்சியாளர் திங்கள் வரைக்கும் அவளின்ர பெயரை வெட்டமாட்டாராம், தங்கமான மனிசன். நான் இப்ப சொன்னால் நம்பமாட்டாள். நீ போன் எடு, போகச் சொல்லு.

இண்டைக்குச் சனிக்கிழமை. மைதானத்துக்குப் போகக் காரை வெளியில எடுத்து வைச்சு, அதுக்குள்ள இருந்துதான் இதை எழுதுறன். இன்னும் அவள் இறங்கி வரேல்லை.