பதினேழு சென்டிமீட்டர் ஆன்டெனா

தையல் மிஷினுக்குப் பக்கத்தில் மணி கிர்ரென்று அடித்தது. தையல்காரர் பாதி தைத்த சட்டையை அப்படியே வைத்துவிட்டு இருபத்திரண்டு படி ஏறினார்.

"என்ன வேணும்?"

காலில் மாவுக்கட்டோடு படுத்திருந்த மனைவி கையிலிருந்த பட்டனைக் காட்டினாள். "நான் அழுத்தவே இல்லையே."

"இது மூணாவது தடவை."

"வந்ததுதான் வந்தீங்க, அந்த ஜன்னலைச் சாத்திட்டுப் போங்க."

சாத்திவிட்டு இறங்கினார். நேற்று அவள் நாலு தடவை குரல் கொடுத்ததற்கே, "கால் உடைஞ்சது உனக்கா எனக்கா?" என்று எரிந்து விழுந்தவர். அதைக் கேட்ட மச்சினன், "நாளைக்குச் சாயங்காலம் வந்து அக்காவைக் கூட்டிட்டுப் போறேன்" என்று சொல்லிவிட்டான். அவள் இல்லாத வீட்டை அவரால் நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. அதைச் சொல்ல வாய் வராமல், மாடியில் அவள் பட்டனை அழுத்தினால் கீழே அடிக்கும்படி, ரேடியோ ரிசீவர் வாங்கிவந்து மணியோடு மாட்டியிருந்தார்.

சிவப்புக் கம்பி பிளஸ், கறுப்பு மைனஸ், மஞ்சள் மணிக்கு. திரும்பப் பார்த்தார், எல்லாம் சரி. ஆன்டெனா பதினேழு சென்டிமீட்டர் என்று தாளில் போட்டிருந்தது. கைப்பழக்கத்தில், தையலுக்கு என்று இரண்டு சென்டிமீட்டர் கூடுதலாக விட்டு வெட்டியிருந்தார்.

"இதுதான் ஊர்ல போறதையெல்லாம் பிடிச்சு இழுக்குது." நறுக்கினார்.

மணி அடித்தது.

"அழுத்தலைங்க. வந்ததுதான் வந்தீங்க, கொஞ்சம் தண்ணி."

அடாப்டரைக் கழற்றிவிட்டு பேட்டரி மாட்டினார். மணி இரண்டு தடவை அடித்தது. தலையணை உயர்ந்தது, கண்ணாடி கைக்குப் போனது.

"சனியன் பிடிச்ச மணியே, உன்னை விட்டேனா பார்." ரிசீவரைத் தகர டப்பாவுக்குள் போட்டு இறுக மூடினார். மணி மூச்சு விடவில்லை. ஜெயித்த தெம்பில் இரண்டு காலர் தைத்தார்.

"எவ்வளவு நேரமா அழுத்துறேன், காது கேக்கலையா?" மாடியிலிருந்து கத்தல். வாசலில் மச்சினன் கார் சாவியோடு நின்றிருந்தான். எல்லாம் அவன் காதிலும் விழுந்திருந்தது.

"ஒரே ஒரு நாள் குடு மச்சான். எப்பாடு பட்டாவது சரி பண்ணிடுறேன். அவ இங்கதான் இருக்கணும்."

அவன் அக்காவின் துணிப்பையை எடுக்க மாடிக்குப் போனான். தையல்காரர் டப்பாவைத் திறந்து, ஆன்டெனாவை மறுபடி அளந்தார்.

மச்சினன் வெறுங்கையோடு இறங்கி வந்தான்.

"அக்கா வரலையாம் மாமா. மணி காலையிலேர்ந்து ஒழுங்காத்தான் அடிச்சிருக்கு. அழுத்தினேன்னு சொன்னா அவளைத் திட்டுவீங்களாம், அழுத்தலைன்னு சொன்னா மணியைத்தான் திட்டுறீங்களாம்."