ஹொல்கர் சாகாத மத்தியானம்

ஹொல்கர் செத்துப்போனார் என்று நான் முழுமனதாக நம்பினேன். நம்பியதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. (நான் எதிலும் நிற்கிற ஆள் இல்லை.)

டேனிஷ்காரர் ஊரான டோஸ்ட்ருப்பில் ஒரு முதியோர் இல்லம். முதியவர்களைப் பராமரிக்கிற வேலையில் எனக்கு அங்கே தகுதிகாண் காலம்; ஒரு பிழை விட்டால் வேலை போய்விடும். ஹொல்கருக்குத் தொண்ணூறு தாண்டியிருந்தது. டெலிவிஷன் கறுப்பு வெள்ளையாக இருந்த காலத்து நடிகர். ஒருவருக்கும் அவரைத் தெரியாது, ஏனென்றால் எந்த நாடகத்திலும் முதற் காட்சியிலேயே செத்துவிடுவார். சுவரில் ஒரு படம்: முன்னால் கதாநாயகன் அழுகிறான். பின்னால் தெரிகிற அரைக் காது ஹொல்கருடையது.

“அவன் அழுது முடியுமட்டும் மூச்சை அடக்கிக்கொண்டு கிடந்தது நான். பேர் அவனுக்கு,” என்று நான் சவரம் செய்துவிடும்போதெல்லாம் பொரிவார். (டேனிஷில்தான். கோபம் மட்டும் எங்கள் ஊர்க் கோபம்.)

அன்று மத்தியானம் போனால், வாய் ஆவென்று திறந்திருக்கிறது. கூப்பிட்டேன், அசைவில்லை. கை குளிர்ந்திருந்தது. (ஜன்னல் திறந்திருந்தது, மாசி மாதக் குளிர். இதெல்லாம் பிறகு வந்த ஞானம்.) அவசர மணி தலைமாட்டிலேயே இருந்தது. நான் மனைவிக்குப் போன் அடித்தேன்.

“இஞ்சேரப்பா, கிழவன் மோசம் போயிட்டார்.”

“அதை எனக்கேன் சொல்லுறியள்? நான் என்ன யமனே?”

“இப்ப நான் என்ன செய்யிறது?”

“விறைக்க முந்திக் கால் பெருவிரல் ரெண்டையும் சேத்துக் கட்டிப்போட்டு, ஓடிப்போய் நேர்ஸிட்டச் சொல்லுங்கோ.”

பண்டேஜ் துணியால் கட்டினேன். நல்ல இறுக்கம். அடுத்துத் தாடையைக் கட்டத் தலையைத் தூக்கினேன். கண் திறந்தது.

அலறியது நான்தான். மேலாளர் மெட்ட ஓடிவந்தார். ஹொல்கர் எழும்பப் பார்த்தார், கால் பிரியவில்லை. விரல்களைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார்.

“இது என்ன?” என்றார் மெட்ட.

“செத்த ஆக்களுக்கு எங்கட ஊரிலை கட்டிறது.”

“மூச்சிருக்கோ எண்டு பாத்தனியா?”

வேலை வாசலைத் தாண்டிப் போவது தெரிந்தது. அப்போதுதான் ஹொல்கர் வெடித்தார்.

“அவன் ஏன் பாக்கவேணும்? நான் நடிச்சனான். நெஞ்சு அசையுது, நெஞ்சு அசையுது எண்டு டைரக்டர்மார் என்னை வதைச்சாங்கள். ஒரு விமர்சகன் ஒரு வரி எழுதினவனே? இவன் ஒருத்தன்தான் நம்பிக் காலைக் கட்டினவன். இவனைப் போய் ஏசுறியா?”

மெட்டவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வேலை தப்பியது. மானம் தப்பவில்லை. பார்க்க வருகிறவர்களுக்கெல்லாம் ஹொல்கர் செத்துக் காட்டினார், என் அலறலையும் சேர்த்து, ஆட்டுக்குட்டி கத்துவதுபோல. நான் அப்படிக் கத்தவில்லை. வீட்டில் நான் சாப்பிட்டுவிட்டுக் கொஞ்சம் சரிந்தால் போதும், மகள் தாயிடம் நூல் கொண்டுவரவா என்று டேனிஷில் கேட்கிறாள்.

நான் திருப்பி ஒன்றும் சொல்ல முடியாது. சொன்னால் என் வேலையும் போகும், அந்த மனிதர் வாழ்க்கையில் வாங்கிய ஒரே பாராட்டும் போகும். ஆனால் நடந்தது இதுதான்: ஹொல்கர் நடிக்கவில்லை, நித்திரை கொண்டிருந்தார். கண்ணைத் திறந்ததும், மெட்ட வந்து சேருமுன், என்னிடம் அவர் கேட்டது, “விடிஞ்சிட்டுதோ?”