ஏரிக்கு நடுவே ஒரு வெளிநாடு

மெடிகேர் அட்டை கைக்கு வந்த அன்றைக்கே ஓர்வில் ட்வெய்ட் ஒரு சபதம் செய்தார். இனி உயிர் உள்ளவரை அமெரிக்காவை விட்டு ஓரடி வெளியே வைப்பதில்லை! தேசபக்தி என்று நினைத்து யாரும் கை தட்டிவிட வேண்டாம். பயம். கலப்படமே இல்லாத சுத்தமான பயம்.

வயதானவர்களுக்கு அரசாங்கம் தரும் அந்த மருத்துவக் காப்பீடு எல்லைக்கோடு வரைதான் கூட வரும். கோட்டைத் தாண்டினால், ஏதோ ஒன்றிரண்டு விதிவிலக்கு தவிர, நீ யாரோ நான் யாரோ என்று நின்றுவிடும். ஓர்விலுக்கோ நெஞ்சில் ஸ்டென்ட் வைத்திருந்தது. போதாக்குறைக்குப் பக்கத்து வீட்டு டெல்மர் வேறு. மெக்சிகோ கடற்கரையில் வழுக்கி விழுந்து இடுப்பை உடைத்துக்கொண்டு, ஆஸ்பத்திரிச் செலவுக்கு ஆசை ஆசையாக வாங்கிய மோட்டார் படகை விற்றவர் அவர். டெல்மர் நொண்டி நொண்டி நடப்பதைப் பார்க்கும்போதெல்லாம் ஓர்வில் சட்டைப்பையில் மெடிகேர் அட்டையைத் தொட்டுப் பார்த்துக்கொள்வார்.

இந்த நேரம் பார்த்துத்தான் நார்வேயில் இருக்கும் மகள் காரினுக்குப் பெண் குழந்தை பிறந்தது.

"ஏங்க, முதல் பேத்தி. ஒரு தடவை போய்த் தூக்கிக் கொஞ்சிட்டு வந்துடலாம்" என்றாள் மனைவி ஆர்டிஸ்.

"அங்க போய் எனக்கு நெஞ்சு வலிச்சா?"

"இங்க வலிச்சா?"

"இங்க வலிச்சா கவர்மென்ட் பாத்துக்கும்."

"அப்ப கவர்மென்ட்டையே கட்டிக்கிட்டிருக்கலாமே. என்னை எதுக்குக் கட்டினீங்க?"

"கிண்டல் பண்ணாத ஆர்டிஸ். டெல்மர் கதை தெரியும்ல?"

"வெளிநாடு போறவங்களுக்குன்னு தனியா இன்சூரன்ஸ் விக்கிறாங்களாமே?"

"போகாத ஊருக்கு எவனாவது இன்சூரன்ஸ் எடுப்பானா?"

"சரி, நான் மட்டும் போறேன்."

"நீ போயிட்டா, எனக்கு இங்க ஒண்ணுன்னா யாரு ஆம்புலன்ஸ் கூப்பிடறது?"

ஆர்டிஸ் அவரை ஒரு பார்வை பார்த்தாள். பேத்தியின் படத்தைக் குளிர்பெட்டிக் கதவில் ஒட்டினாள். அவ்வளவுதான், அதற்குப் பிறகு நார்வே என்ற பேச்சே எடுக்கவில்லை. புது வருஷம் பிறந்ததும் காய்ந்த கிறிஸ்துமஸ் மரத்தைக்கூட அவளே டிரக்கில் ஏற்றிக்கொண்டு போய்ப் போட்டுவிட்டு வந்தாள். பெண்டாட்டி அடங்கிவிட்டாள் என்று ஓர்வில் நிம்மதியாக மூச்சு விட்டார். பாவம், மனுஷன்.

ஓர்விலுக்கு உலகத்தில் இருந்த ஒரே சுகம் மீன்பிடிக் குடிசை. அந்த மினசோட்டா ஊரில் குளிர்காலம் வந்தால் ஏரி கல்லாக உறைந்துவிடும். ஆளுக்கொரு மரக்குடிசையை இழுத்துப் போய் ஏரி மேல் நிறுத்தி, உள்ளே அடுப்பு மூட்டி, பனியில் ஓட்டை போட்டுத் தூண்டிலோடு உட்கார்ந்துவிடுவார்கள். ஏரியில் பாதி அமெரிக்காவுடையது, மீதி கனடாவுடையது. கோடு எங்கே போகிறது என்று பனிக்கு மேல் நின்று சொல்ல யாராலும் முடியாது. மீன்களும் அதைப் பற்றிக் கவலைப்பட்டதில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை காபி ஃபிளாஸ்கோடு போன ஓர்வில் அப்படியே நின்றுவிட்டார். கரைக்கும் அவர் குடிசைக்கும் நடுவே, குடிசைக்குச் சற்று முன்னால், வரிசையாகப் பழைய கிறிஸ்துமஸ் மரங்கள் நடப்பட்டிருந்தன. ஒவ்வொன்றிலும் சிவப்புத் துணி. பனிப்பாதைக்கு அடையாளமாகப் பழைய மரங்களை நடுவது ஊர் வழக்கம்தான். ஆனால் பாதை அந்தப் பக்கமே போகவில்லையே? ஒரு மரத்தில் கொம்பு ஒடிந்த குட்டி வைக்கோல் ஆடு ஒன்று தொங்கிக்கொண்டிருந்தது. யார் வீட்டு மரமோ, அவனும் நம்மைப் போலவே அலங்காரத்துக்கு வைக்கோல் ஆடு கட்டுவான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டார்.

வீட்டுக்கு ஓடி வந்தார். ஆர்டிஸ் அடுப்பில் உருளைக்கிழங்கு ரொட்டி திருப்பிக்கொண்டிருந்தாள்.

"ஆர்டிஸ், ஏரியில என்ன மரம் அது?"

"உங்களுக்குத் தெரியாதா? இந்த வருஷம் எல்லைக்கோட்டை மரம் நட்டுக் காட்டியிருக்காங்களாம். டெல்மர் சொன்னான்."

"நம்ம குடிசை அந்தப் பக்கம்ல இருக்கு!"

"ஆமா. இத்தனை வருஷமா கனடாவுல உக்காந்துதான் மீன் பிடிச்சிருக்கீங்க. யாருக்கும் சொல்லாம."

ஓர்வில் நெஞ்சைத் தடவிக்கொண்டார். "அங்க எனக்கு நெஞ்சு வலி வந்திருந்தா?"

"வெளிநாடுதானே. ஒரு காசு வராது." ரொட்டியைத் திருப்பிப் போட்டாள். "வேணும்னா எல்லை அதிகாரிகிட்ட ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்களேன்."

"உனக்கென்ன பைத்தியமா? இத்தனை வருஷம் திருட்டுத்தனமா வெளிநாடு போயிட்டு வந்தேன்னு நானே போய் மாட்டிக்கவா?"

குடிசையை இந்தப் பக்கம் இழுக்கலாம் என்றால் அதன் அடிக்கட்டை பனியில் உறைந்து பிடித்துக்கொண்டுவிட்டது. பனி இளகும்வரை அசையாது. மீன் பிடிக்காமல் இருக்கலாம் என்றால் அதற்கு உயிரையே விட்டுவிடலாம். யோசித்து யோசித்து ஓர்வில் ஒரு வழி கண்டுபிடித்தார். இடுப்பில் கயிற்றைக் கட்டிக்கொண்டு குடிசைக்குள் போவது. மறுமுனையைப் பிடித்துக்கொண்டு டெல்மர் மரங்களுக்கு இந்தப் பக்கம் உட்காருவது.

"டேய் டெல்மர், நான் கத்தினா ஆம்புலன்ஸ் கூப்பிடாத. முதல்ல என்னை அமெரிக்காவுக்குள்ள இழுத்துப் போட்டுடு. அப்புறம் கூப்பிடு."

"செத்துட்டா?"

"செத்தாலும் இழு. பிணமும் இந்தப் பக்கம் கிடக்கட்டும்."

"உன் இஷ்டம்ப்பா" என்று டெல்மர் வாளியைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்தார். ஏனோ முகத்தைக் கம்பளித் துண்டுக்குள் மறைத்துக்கொண்டார்.

ஓர்வில் ஓட்டையைப் பார்த்தபடி உட்கார்ந்தார். மீன் வருகிறதா என்று பார்க்கவில்லை, நெஞ்சு வலிக்கிறதா என்றுதான் கவனித்தார். கவனிக்கக் கவனிக்க அது படபடவென்று அடித்தது. பேத்தி முகத்தைக்கூடப் பார்க்காமல், இப்படி ஒரு ஓட்டைப் பக்கத்தில் அனாதையாகச் சாகப் போகிறோமோ என்று கண் கலங்கியது. அந்த நேரம் பார்த்துத் தூண்டிலை வெடுக்கென்று இழுத்தது ஒரு மீன். "ஐயோ!" என்றார்.

டெல்மர் சொன்ன சொல் தவறாதவர். ஒரே இழு! ஓர்வில் ஸ்டூலோடு கவிழ்ந்து, கதவை இடித்துத் திறந்துகொண்டு, வயிறு தரையில் தேய, தாடியெல்லாம் பனியாக, மரங்களைத் தாண்டி அமெரிக்காவுக்குள் வந்து விழுந்தார். தூண்டில் கையில் இருந்தது. மீன் கனடாவிலேயே தங்கிவிட்டது.

வீட்டில் ஆர்டிஸ் அவர் முட்டியில் மருந்து தடவினாள்.

"போதும் ஆர்டிஸ். இனி இந்தப் பயத்தோட என்னால முடியாது. அந்த வெளிநாட்டு இன்சூரன்ஸை எடுத்துடறேன்."

"உங்களுக்கு மட்டுமா? குடிசைக்கு மதியச் சாப்பாடு கொண்டு வர்றவ நான். நான் அங்க விழுந்தா?"

நியாயம்தானே! ரெண்டு பேருக்கும் எடுப்பது என்று முடிவாயிற்று.

காப்பீட்டுக் கடைப் பெண் கண்ணாடியை இறக்கிக்கொண்டு கேட்டாள். "எந்த நாட்டுக்குப் போறீங்க?"

"கனடா."

"எவ்வளவு தூரம்?"

"மரத்துக்கு அந்தப் பக்கம்."

அவள் ஆர்டிஸைப் பார்த்தாள். ஆர்டிஸ் ஜன்னலைப் பார்த்தாள். "உங்களுக்குன்னு தனியா ஏரிக்கு மட்டும் தர முடியாதுங்க. எடுத்தா ஒரு வருஷத்துக்கு எல்லா நாட்டுக்கும் சேத்துதான்."

"எதுவானாலும் குடும்மா" என்று ஓர்வில் கையெழுத்துப் போட்டார். பல நாளைக்குப் பிறகு நெஞ்சு சாதாரணமாக அடித்தது.

சாயங்காலம் சாப்பாட்டுத் தட்டுக்குப் பக்கத்தில் ரெண்டு விமான டிக்கெட் இருந்தது.

"என்ன இது?"

"நார்வே. இப்பத்தான் இன்சூரன்ஸ் இருக்கே. வேற என்ன பயம் உங்களுக்கு?"

ஓர்வில் டிக்கெட்டை ரெண்டு பக்கமும் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு பெட்டியை எடுக்க எழுந்தார்.

போனார்கள். விமானம் ஆடியபோதெல்லாம் பாலிசியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டே போனார். ஆனால் காரின் குழந்தையை மடியில் வைத்ததும் மனுஷனுக்குப் பயமும் மறந்தது, பாலிசியும் மறந்தது. அது அவர் விரலைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. ஓர்வில் தேம்பித் தேம்பி அழுதார். "நல்லவேளை வந்தோம் ஆர்டிஸ்" என்றார்.

ஆர்டிஸ் கைப்பையிலிருந்து ஒரு பொம்மையை எடுத்துப் பேத்திக்கு முன்னால் ஆட்டினாள். வைக்கோல் ஆடு. ஒரு கொம்பு ஒடிந்திருந்தது.

ஓர்வில் உற்றுப் பார்த்தார். "இது அந்த எல்லை மரத்துல தொங்கினதுல்ல?"

"நம்ம வீட்டு மரம்தாங்க அது. போன வருஷம் இதை மிதிச்சுக் கொம்பை ஒடைச்சது நீங்கதானே?"

"அப்ப எல்லை?"

"அது கிடக்கு, இன்னும் ரொம்பத் தூரம் தள்ளி. ஏங்க, ஊருக்குப் போறதுக்குள்ள டெல்மருக்கு ஒரு நல்ல கம்பளிச் சட்டை வாங்கணும், ஞாபகப்படுத்துங்க. பாவம், இடுப்பு வலியோட உங்களை அவ்வளவு தூரம் இழுத்தான்."