மலையாளம் தெரியாத மலையாளி

"கேரளாவுல போயி வாங்கிக்கச் சொல்லுதுப்பா" என்றாள் ராதிகா, கைப்பேசியைப் பார்த்தபடி.

செல்லமுத்து மிளகு பறிக்கிற ஏணியின் உச்சியில் நின்றிருந்தார். "எதைக் கண்ணு?"

"சாதிச் சான்றிதழை. கேளுங்க, படிக்கறேன். 'மலையாளி என்பது கேரள மாநிலத்தவரைக் குறிக்கும். எனவே தங்கள் சொந்த மாநிலத்தில் விண்ணப்பிக்கவும்.' நிராகரிச்சுட்டாங்க."

செல்லமுத்து இறங்கினார். இறங்குகிற வேகத்தில் ஒரு படியை விட்டுவிட்டதால், கடைசி நான்கு படிகளையும் சேர்த்தே இறங்கினார்.

கொல்லிமலையில் மலையாளி என்றால் மலைவாசி. செல்லமுத்துவின் ஊரான வளப்பூர் நாட்டில் பஸ் ஏறுகிற நாற்பது பேரில் முப்பத்தெட்டுப் பேர் மலையாளிகள். மீதி இரண்டு பேர் டிரைவரும் கண்டக்டரும். செல்லமுத்து எட்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டவர். அதனால் தான் யார் என்பதற்குச் சான்றிதழ் வாங்க வேண்டிய அவசியம் அவருக்கு இதுவரை வந்ததில்லை. அவருடைய பலாமரங்களும் கேட்டதில்லை.

ராதிகாவின் கல்லூரி கேட்டது. கால்நடை மருத்துவப் படிப்பில் அவளுக்கு இடம் கிடைத்திருந்தது. பழங்குடியினர் சான்றிதழை வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்குள் சேர்க்காவிட்டால் அந்த இடம் வேறு யாருக்கோ போய்விடும். இன்று திங்கள்.

"நேர்ல போயி ரெண்டு வார்த்தை பேசுனா முடிஞ்சது மாமா" என்றான் வேல்முருகன். செல்லமுத்துவின் மனைவி பானுமதிக்குத் தம்பி, பக்கத்து வீட்டுக்காரன். எந்தச் சிக்கலுக்கும் அவனிடம் ஒரு வழி இருக்கும். அந்த வழியில் போனவர்கள் திரும்பி வர நாளாகும்.

செவ்வாய்க்கிழமை காலை இருவரும் எழுபது கொண்டை ஊசி வளைவுகளையும் பஸ்ஸில் கடந்து, சமவெளியில் இருந்த சரிபார்ப்பு அலுவலகத்துக்குப் போய்ச் சேர்ந்தார்கள். கவுண்டரில் இருந்த எழுத்தர் விண்ணப்பத்தை மேலும் கீழும் பார்த்தார்.

"மலையாளம் பேசுவீங்களா?"

"தெரியாதுங்க."

"எழுதப் படிக்க?"

"பேசவே தெரியாதுங்க, எழுதறது எப்படிங்க?"

"அப்புறம் எப்படி மலையாளின்னு போட்டிருக்கீங்க?"

"மலையில இருக்கறதால மலையாளிங்க. கேரளாவுக்கும் எங்களுக்கும் சம்பந்தமே இல்லீங்க. இந்தப் பேரு அரசாங்கப் பட்டியல்லயே இருக்குதுங்க."

எழுத்தர் கணினியில் எதையோ தட்டினார். செல்லமுத்து எட்டிப் பார்த்தார். 'விண்ணப்பதாரருக்குத் தாய்மொழி தெரியவில்லை' என்று இருந்தது.

இந்த இடத்தில் வேல்முருகன் வாயைத் திறந்தான். "ஏனுங்க சார், எங்க முன்னோருங்க மூணு அண்ணன் தம்பிங்க. காஞ்சிபுரத்துல இருந்து வேட்டைக்கு வந்தவங்க இங்கயே தங்கிட்டாங்க. எங்க சனத்துல எல்லாரும் சொல்ற கதைங்க இது."

எழுத்தரின் முகம் மலர்ந்தது. "இதை முதல்லயே சொல்றதில்லையா?"

மீண்டும் தட்டினார். 'பூர்வீகம் காஞ்சிபுரம். சம்பந்தப்பட்ட மாவட்டத்தில் விண்ணப்பிக்கவும்.'

செல்லமுத்து மைத்துனனைத் திரும்பிப் பார்த்தார். வேல்முருகன் தாழ்ந்த குரலில் சொன்னான்: "கேரளாவுல இருந்தோம். இப்ப மாநிலத்துக்குள்ளயாச்சும் வந்துட்டோமில்ல மாமா?"

செல்லமுத்து கவுண்டர் கம்பியைப் பிடித்துக்கொண்டு நகர மறுத்தார். பின்னால் வரிசை நீண்டது. வரிசையில் நின்றவர்கள் சத்தம் போட ஆரம்பித்ததும், அவரைக் கிளப்புவதற்காகவே எழுத்தர் ஒரு தாளில் முத்திரை குத்திக் கொடுத்தார். "கள ஆய்வுக்கு அனுப்பறேன். வியாழக்கிழமை அதிகாரி கவியரசன் உங்க ஊட்டுக்கே வருவாரு. உங்க வாழ்க்கை முறையைப் பாத்துட்டு அவரு முடிவு பண்ணட்டும்."

வாழ்க்கை முறை என்ற சொல் பஸ்ஸில் ஏறியதிலிருந்து வேல்முருகனைப் படுத்தியது. நாற்பதாவது வளைவில் அவனுக்கு யோசனை வந்துவிட்டது.

"மாமா, உங்க ஊட்டுல டிவி இருக்கு, பிரிட்ஜு இருக்கு, வாசல்ல பைக்கு நிக்குது. பழங்குடின்னா எவன் நம்புவான்?"

"மிளகு வித்து வாங்குனது மாப்ள. திருடியா வாங்குனேன்?"

"நமக்குத் தெரியும். அவருக்குத் தெரியுமா?"

புதன்கிழமை முழுவதும் சாமான்கள் வேல்முருகன் வீட்டுக்குப் போயின. டிவி, பிரிட்ஜ், கட்டில், பீரோ, பிளாஸ்டிக் நாற்காலிகள், கடைசியாக கேஸ் அடுப்பு. கேஸ் அடுப்பு போனபோது பானுமதி வாசலை மறித்து நின்றாள்.

"நாளைக்கு எதுல சமைக்கறது?"

"மூணு கல்லு வச்சு சமை, அக்கா."

"உங்க ஊட்டுல நீ வையி மூணு கல்லு!"

ராதிகாவைப் பழைய கண்டாங்கிச் சேலை கட்டிக்கொள்ளச் சொன்னார்கள். அவள் சுடிதாரோடு வந்து நின்றாள். "சேலை கட்டினா பழங்குடி, சுடிதார் போட்டா இல்லையா மாமா? அப்ப வாரத்துக்கு ரெண்டு நாளுதான் நான் பழங்குடி."

வியாழக்கிழமை பத்து மணிக்கு ஜீப் வந்தது. அதிகாரி கவியரசனுக்கு ஐம்பது வயதிருக்கும். பல நாள் தூங்காதவர்போலச் சோர்ந்த முகம். கையில் தடித்த கோப்பு. டிரைவர் மாணிக்கம் ஜீப்பிலேயே சாய்ந்துகொண்டான். பானுமதி தம்பி வீட்டில் போட்டு வந்த காப்பியோடு எதிர்கொண்டு போய், "வாங்க சாமி, வாங்க. காப்பிக்குச் சக்கரை போடலாமுங்களா? குழந்தைங்க எத்தனை பேரு?" என்று கேட்டு, பதில் வருவதற்குள் தன் வீட்டுக் கதையில் பாதியைச் சொல்லி முடித்திருந்தாள்.

கவியரசன் உள்ளே வந்து நான்கு சுவர்களையும் பார்த்தார். சுவரில் டிவி இருந்த இடம் மட்டும் சதுரமாக வெளுத்திருந்தது.

"இங்க யாரும் குடியிருக்கறதில்லையா?"

"நாங்கதானுங்க இருக்கறோம்" என்றார் செல்லமுத்து.

"எதுல படுப்பீங்க? எதுல சமைப்பீங்க?" அவர் கோப்பைத் திறந்து, படிவத்தின் கட்டங்களில் விரலை ஓட்டினார். "கட்டம் நாலு, நிரந்தரக் குடியிருப்பு. ஒரு பாய்கூட இல்லையே. ஆளில்லாத வீடுன்னுதான் நான் எழுத முடியும்."

"எழுதாதீங்க சார், அஞ்சு நிமிசம்!" என்று கத்திக்கொண்டே வேல்முருகன் ஓடினான்.

ஐந்து நிமிடத்தில் பிக்கப் வண்டியொன்று வாசலில் பின்பக்கமாக வந்து நின்றது. அதிலிருந்து ஆளுயரத்துக்கு இரட்டைக் கதவு வைத்த, பளபளவென்ற பிரிட்ஜ் ஒன்று இறங்கியது. அவசரத்தில் அவன் தன்னுடையதையே தூக்கி வந்துவிட்டான்.

"கட்டம் ஆறு" என்றார் கவியரசன், பிரிட்ஜைப் பார்த்தபடி. "பழமையான வாழ்க்கை முறை."

"இது என்னதில்லீங்க" என்றார் செல்லமுத்து.

"அப்ப யாருது?"

"என் மாப்ளதுங்க. என்னது சின்னதுங்க. ஒத்தக் கதவு."

"அவரு என்ன சாதி?"

"மலையாளிதானுங்க."

கவியரசன் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். அவர் கோபப்படுகிற மாதிரி தெரியவில்லை. ஏற்கெனவே பலமுறை கேட்டுச் சலித்த கேள்விகளை மறுபடி கேட்பவர்போல இருந்தார். "கட்டம் ஏழு. வெளியாட்களிடம் பழகக் கூச்சம் உண்டா?"

"என்னதுங்க?"

"கூச்சங்க. வெளியாளுங்களைக் கண்டா ஒதுங்கிப் போறது. இருக்கணும். இல்லேன்னா கட்டம் ஏழு அடிபட்டுடும். உங்க ஊட்டம்மா எனக்கு வாசல்லயே காப்பி குடுத்துட்டாங்களே."

அடுப்படியில் இருந்த பானுமதிக்கு இது கேட்டது. மகளின் படிப்புக்காக அவள் அந்தக் கணத்திலிருந்தே கூச்சப்பட ஆரம்பித்தாள். கதவுக்குப் பின்னால் போய் நின்றவள், என்ன கூப்பிட்டும் வெளியே வரவில்லை.

"அம்மா, நீங்க ஒரு வாக்குமூலம் குடுக்கணும்" என்றார் கவியரசன் கதவைப் பார்த்து.

கதவு பேசவில்லை.

"வாக்குமூலம் இல்லாம எப்படிங்க கோப்பை முடிக்கறது? சரி, பாப்பா நீ சொல்லு. உனக்குக் கூச்சம் உண்டா?"

"எனக்கு இன்ஸ்டாவுல நாலாயிரம் பேரு சார்" என்றாள் ராதிகா. "ஆட்டுக்குட்டிக்கு ஊசி போடற வீடியோவ மட்டும் முப்பதாயிரம் பேரு பாத்தாங்க."

கவியரசன் பேனாவை எடுத்தார்.

அவ்வளவுதான். செல்லமுத்துவுக்குள் திங்கட்கிழமையிலிருந்து சேர்ந்துகொண்டே வந்தது எல்லாம் ஒன்றாகப் பொங்கியது.

"நிறுத்துங்க சார்! ஊட்டுல பொருளு இருந்தா நான் பழங்குடி இல்ல. பொருளு இல்லாட்டி ஊட்டுல குடியே இல்ல. எம்பொண்டாட்டி பேசுனா கூச்சம் இல்ல, பேசாட்டி வாக்குமூலம் இல்ல. எனக்கு மலையாளம் தெரியாது, காஞ்சிபுரம் எந்தத் திசையில இருக்குதுன்னுகூடத் தெரியாது. இந்த மலையத்தான் தெரியும். எங்கப்பனுக்கும் இதைத்தான் தெரியும். கீழ இருக்கறவங்க கிட்ட போயி, உன் சாதிக்காரன் மாதிரி கொஞ்சம் நடந்து காட்டுன்னு என்னைக்காச்சும் கேட்டிருக்கீங்களா? அவங்க மாடி ஊடு கட்டுனாலும், காரு வாங்குனாலும், அமெரிக்காவுக்கே போனாலும் அவங்க சாதி அவங்களோடவே போவுது. எங்களுக்கு மட்டும் ஒரு பிரிட்ஜுல போயிடுமா? எம்மவ ஆட்டுக்கும் மாட்டுக்கும் வைத்தியம் படிக்கணுமுன்னா, நாங்க மொதல்ல காட்டு மிருகமாட்டம் பயந்து ஓடிக் காட்டணுமா?"

கதவுக்குப் பின்னாலிருந்து பானுமதி, "அப்படிக் கேளுங்க!" என்றாள், கூச்சத்தை மறந்து.

வேல்முருகன் கண்ணை மூடிக்கொண்டான். கல்லூரி போயிற்று, இனி ஜெயிலுக்குப் போகாமல் இருந்தால் சரி என்று அவன் முகம் சொன்னது.

கவியரசன் கோப்பில் ஒரு வெள்ளைத் தாளைத் தேடி எடுத்தார். "மெதுவா சொல்லுங்க" என்றார். "அந்த அமெரிக்காவுக்குப் போனதை மறுபடி ஒருதரம்."

செல்லமுத்து மாட்டிக்கொண்டோம் என்று நினைத்தார். ஆனாலும் சொன்னார். திரும்ப எடுத்துக்கொள்ள வழியில்லாததால் ஒவ்வொரு வாக்கியமாகச் சொன்னார். அதிகாரி ஒரு எழுத்து விடாமல் எழுதினார்.

"கடைசியில மிருகம்னு சொன்னீங்களா, விலங்குன்னு சொன்னீங்களா?"

"மிருகம்னுதானுங்க."

"அதுதான் நல்லாருக்கு." தாளை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்தார். பிறகு கோப்பின் கடைசிப் பக்கத்தைத் திருப்பி, கட்டங்களை எல்லாம் தாண்டிக் கீழே 'பரிந்துரைக்கப்படுகிறது' என்று எழுதிக் கையெழுத்திட்டார். "நாளைக்குக் காலையில ஆன்லைன்ல வந்துடும். பாப்பா, சாயந்தரம் வரைக்கும் காத்திருக்காம உடனே அனுப்பிடு."

ராதிகா "தேங்க்ஸ் சார்" என்றதைக்கூடக் கேட்காமல், கவியரசன் தன் கைப்பேசியைத் தூக்கிப் பிடித்தபடி சிக்னல் தேடி மேட்டுப் பக்கம் நடந்துபோனார்.

செல்லமுத்துவுக்குச் சந்தோஷப்படத் தைரியம் வரவில்லை. கையெழுத்துப் போட்டது சரி. திட்டியதை எதற்கு எழுதிக்கொண்டு போக வேண்டும்? அரசு ஊழியரை மிரட்டியதாக வழக்குப் போட்டால், சான்றிதழ் வருகிற அன்றே சம்மனும் வருமே! அவர் ஜீப்புக்கு அருகில் போய், காப்பி குடித்துக்கொண்டிருந்த டிரைவர் மாணிக்கத்திடம் குனிந்தார்.

"ஏனுங்க தம்பி, நான் ஏதோ ஆத்திரத்துல பேசிட்டேன். உங்க ஐயா அதை அப்படியே எழுதிப் பையில வச்சிருக்காரு. கேசு கீசு போட்டுருவாருங்களா?"

மாணிக்கம் மேட்டுப் பக்கம் ஒருமுறை பார்த்துக்கொண்டான்.

"கேசெல்லாம் இல்லீங்க, ஐயாவும் வேற மலையில பொறந்த மலையாளிதான், அவரு மவளுக்கு ரெண்டு வருசமா இந்தச் சர்டிபிகேட்டு குடுக்க மாட்டேங்கறாங்க, நாளைக்கு அந்த ஆபீசுல போயி என்ன சொல்லித் திட்டறதுன்னு தெரியாமத்தான் எழுதிக்கிட்டுப் போறாரு."